தேவகியின் பையன்

ஈப்போ பெரிய சந்தையில் மீன் வாங்கினால் புஷ்பலதாவுக்கு எப்போதும் ஒரு மீன் கூடுதலாகக் கிடைக்கும். அது அவளுடைய மகனுக்கு. அவளுக்கு மகன் கிடையாது என்பது மட்டும்தான் இதில் சிக்கல்.

"தேவகிக்கா, பையன் லீவுல வந்துட்டானா?" மீன்கடைப் பெண் செதிலைச் சுரண்டிக்கொண்டே கேட்பாள்.

"வெள்ளிக்கிழமை வாரான்லா. ஹாஸ்டல் சாப்பாட்டுல ரொம்ப இளைச்சுட்டான்." புஷ்பலதாவின் குரலில் பிசிறே இருக்காது.

"அலாமா! வளர்ற பிள்ளைக்கா. இந்தாங்க, இதையும் பொரிச்சுக் குடுங்க."

வாங்கிக்கொள்வாள். மீன் பையை மடியில் வைத்துக்கொண்டு புந்தோங் வரைக்கும் பஸ்ஸில் தன்னைத் தானே திட்டிக்கொண்டு வருவாள். நாற்பத்து நான்கு வயதுப் பெண்பிள்ளை, வாரத்தில் ஐந்து நாள் பல் மருத்துவர் கிளினிக்கில் முன்மேசையில் உட்கார்ந்து வருகிறவர்களின் பெயரைக் கூப்பிடுகிறவள், இப்படியா வாய் கூசாமல் புளுகுவது? ஆனால் அடுத்த ஞாயிற்றுக்கிழமையும் அதே கடைக்குத்தான் போவாள்.

தேவகி என்பதும் அவள் பெயர் இல்லை. ஏழு வருஷத்துக்கு முன்னால் தொலைக்காட்சியில் நூற்று இருபது பகுதிகள் ஓடிய ஒரு நாடகத்தின் நாயகி அவள். அதற்கு முன்னால் புஷ்பலதா வார இறுதிகளில் துண்டு துக்கடா வேடங்களில் வந்துபோவாள். கல்யாண வீட்டுக் கூட்டத்தில் ஒருத்தி, சாவு வீட்டில் ஒருத்தி, கண்ணாடியைக் கழற்றிவிட்டுத் தலையை ஆட்டும் டாக்டர் ஒருத்தி. அந்த டாக்டரைப் பார்த்துவிட்டுத்தான் இயக்குநர் கோகிலன் அவளைக் கூப்பிட்டான்.

"உங்க மூஞ்சியில அந்த ஏக்கம் அப்படியே இருக்குக்கா. நடிக்கவே வேணாம். சும்மா கேமராவைப் பார்த்தாப் போதும்."

பாராட்டாகத்தான் சொன்னான். வீட்டுக்கு வந்து கண்ணாடி முன் நின்று அந்த ஏக்கம் எந்த இடத்தில் இருக்கிறது என்று தேடிப் பார்த்தாள். மூக்கிலா, தாடையிலா? பதினாறு வருஷமாக அதை மறைத்துவிட்டதாக அவள் நினைத்துக்கொண்டிருந்தாள். முந்தாநாள் வந்த பையன் கண்டுபிடித்துவிட்டான்.

இந்த நாடகங்களின் சட்டதிட்டம் ஊருக்கே தெரிந்ததுதான். பிள்ளையில்லாதவள் வெளிறிப்போன சேலை கட்ட வேண்டும். அடுத்த வீட்டுக் குழந்தையை அவள் ஏறிட்டுப் பார்த்தால் இசை மாற வேண்டும். ஒன்று, சாமி காலில் விழுந்து அழும் நல்லவளாக இருக்க வேண்டும். இல்லையா, கொழுந்தன் பெண்டாட்டியின் பாலில் எதையாவது கலக்கும் கெட்டவளாக இருக்க வேண்டும். காலையில் எழுந்து பல் விளக்கி, பஸ் பிடித்து வேலைக்குப் போய், சாயங்காலம் வந்து சமைத்துச் சாப்பிட்டுப் படுக்கிற பிள்ளையில்லாதவள் எந்த நாடகத்திலும் கிடையாது. அவளை வைத்துக்கொண்டு விளம்பர இடைவேளை வரைக்கும் யாரை உட்கார வைப்பது?

தேவகி நல்லவள். மூன்று கருவைப் பறிகொடுத்தாள். ஒவ்வொரு முறையும் இடி இடித்தது, ஒரு பூச்சாடி உடைந்தது, கோகிலன் "இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம்" என்று கேட்டு வாங்கிக்கொண்டான். புஷ்பலதா நிஜத்தில் பறிகொடுத்தது இரண்டு. அப்போது எதுவும் உடையவில்லை. ஆஸ்பத்திரி வார்டில் மேலே காற்றாடி சுற்றியது. பக்கத்துக் கட்டில் அம்மா டியூரியான் விலையைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள். தாதி ஒரு படிவத்தை நீட்டி, "சினி சைன், கக்" என்று கையெழுத்துப் போட வேண்டிய இடத்தைக் காட்டினாள். புஷ்பலதா போட்டாள். கண்ணீர் வந்தது பதினொரு நாள் கழித்து, வெங்காயமே நறுக்காத ஒரு மத்தியானத்தில்.

தேவகிக்கு எண்பத்தேழாம் பகுதியில் பிள்ளை பிறந்தது. அந்தக் காட்சியைத் தாப்பா பக்கம் ஒரு பழைய தோட்டத்தில் எடுத்தார்கள். ரப்பரை வெட்டிச் செம்பனை நட்டு, ஆட்களை எல்லாம் வெளியேற்றிப் பல வருஷம் ஆகியிருந்தது. லயத்து வீடுகள் விழுந்துவிட்டன. ஆயாக்கொட்டகை மட்டும் நின்றது. பால்மரம் வெட்டப் போகும் தாய்மார்கள் விடியுமுன்னே கைக்குழந்தைகளைக் கொண்டுவந்து போட்டுவிட்டுப் போன கொட்டகை அது. கூரைச் சட்டம் நெடுக ஏணை தொங்கவிட்ட இரும்புக் கொக்கிகள் வரிசையாக இருந்தன. "செம்ம லொக்கேஷன்லா," என்றான் கோகிலன்.

வாடகைக்குக் கொண்டுவந்த குழந்தை விளக்கைப் பார்த்ததும் வீறிட்டது. அதை ஒரே ஒரு முகக்காட்சிக்கு எடுத்துவிட்டு அனுப்பிவிட்டார்கள். மீதிக்கு ஒரு பொம்மை. ஆனால் பொம்மைக்கு எடை இல்லை. கையில் வைத்தால் பஞ்சைத் தூக்குவதுபோல் தெரிகிறது என்று ஒளிப்பதிவாளர் முகம் சுளித்தார். கடைசியில் சமையல்காரரிடம் மூன்று கிலோ அரிசி வாங்கிப் பையில் கட்டி, பாத்திக் துணியில் சுற்றி அவள் கையில் கொடுத்தார்கள். அந்த அரிசியை அவள் இரண்டு நாள் தாலாட்டினாள். அதற்கு முத்தம் கொடுத்தாள். 'என் ராசா, முகிலா' என்று அழுதாள். அரிசி மெல்ல மெல்ல இளகி, அவள் முழங்கை மடிப்பில் ஒரு தலை படிவதுபோல் படிந்துகொண்டது. மேலே காலிக் கொக்கிகள் காற்றில் கிறீச்சிட்டன. கோகிலன் அந்தச் சத்தத்தையும் பதிவு செய்துகொண்டான்.

கடைசி நாள் மத்தியானம் அந்த அரிசியைப் பொங்கிப் போட்டார்கள். புதிதாய் வாங்கியது, வீணாக்குவானேன். எல்லோரும் சாப்பிட்டார்கள். புஷ்பலதா வயிறு சரியில்லை என்று சொல்லிக் காருக்குள் போய் உட்கார்ந்துகொண்டாள்.

அன்றிலிருந்து அவள் இடது கையில் அந்த எடை உண்டு. எப்போதும் இல்லை. பஸ்ஸில் உட்காரும்போது, மழை பிடிக்கும்போது, திடீரென்று வந்து அமரும். வலி இல்லை. கனம், அவ்வளவுதான். யாரிடம் போய் இதைச் சொல்வது?

நாடகம் முடிந்த வருஷம் அன்னையர் தினத்தன்று கோகிலன் முகநூலில் அவள் படத்தைப் போட்டான். கையில் துணிச்சுருள், முகத்தில் ஒளி. 'எங்கள் தேவகி அம்மாவுக்கு வாழ்த்துகள்' என்று எழுதியிருந்தான். கீழே யாரோ, 'நிஜத்திலும் இவங்களுக்கு ஒரே பையன்தானாம், தவமிருந்து பெற்றதாம்' என்று எழுதினார்கள். அதற்கு இருநூறு பேர் இதயம் போட்டார்கள். புஷ்பலதா அதைப் படித்தாள். 'இல்லை' என்று தட்டச்சுச் செய்தாள். அனுப்பாமல் அழித்தாள்.

அடுத்த வாரம் கோயிலில் ஒரு பெண் ஓடிவந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "பையன் நல்லா இருக்கானாக்கா?" என்றாள். பக்கத்தில் புருஷன் தீபன் தேங்காயும் கையுமாக நின்றுகொண்டிருந்தான்.

"இருக்கான்மா," என்று புஷ்பலதாவின் வாய் சொன்னது.

தீபன் அவளை ஒரு பார்வை பார்த்தான். சிம்பாங் பூலாய் குவாரியில் கல் லோரி ஓட்டுகிறவன், பேச்சுக்குச் சிக்கனம். அன்று மட்டுமல்ல, அதற்குப் பிறகும் வீட்டில் அந்தப் பேச்சே எழவில்லை. தெருவில் இருக்கிறவர்களுக்கு உண்மை தெரியும். தெருவைத் தாண்டினால் முகிலன் இருந்தான்.

இருந்தது மட்டுமா, வளரவும் செய்தான். நாடகத்தின் கடைசிப் பகுதியில் 'ஆறு ஆண்டுகளுக்குப் பிறகு' என்று எழுத்துப் போட்டு ஒரு பொடியனைப் பள்ளிச் சீருடையில் ஓடவிட்டிருந்தார்கள். அங்கிருந்து புஷ்பலதா வருஷா வருஷம் கணக்காக அவனை வகுப்பு ஏற்றினாள். முன்பல் விழுந்து முளைத்தது. கணக்கில் மந்தம், ஓட்டப் பந்தயத்தில் கெட்டி. போன வருஷம் இடைநிலைப் பள்ளிக்கு, படிவம் ஒன்றுக்கு, தைப்பிங் பள்ளி ஹாஸ்டலில் சேர்த்தாள். வீட்டில் ஏன் காணோம் என்று யாராவது கேட்டால் பதில் வேண்டுமே. அதற்குப் பிறகு ஈப்போவில் வானம் கறுத்தால் தைப்பிங்கில் எப்படிக் கொட்டுகிறதோ, குடை எடுத்துப் போனானோ என்று நெஞ்சு பதைக்கும். ஒருநாள் கொடியில் துணி காயப் போடும்போது நீல நிறச் சின்னச் சட்டை ஒன்றை வாளியில் துழாவித் தேடினாள். வாளி காலியான பிறகுதான் என்ன தேடுகிறோம் என்று உறைத்தது. பயந்துபோனாள். பயந்தும் விடவில்லை.

வீரம்மா கிளினிக்குக்கு வந்தது இந்த ஜனவரியில். கடைவாய்ப் பல்லைப் பிடித்துக்கொண்டு உள்ளே வந்த அம்மாள், முன்மேசையைப் பார்த்ததும் பல்வலியை மறந்துபோனாள்.

"தேவகி! நீங்கதானே? என் மருமக பிரமிளாவுக்கு வர்ற மாசம் வளைகாப்பு. முத வளையல் நீங்கதான் போடணும். மாட்டேன்னு சொல்லாதீங்க தங்கச்சி. மூணைப் பறிகொடுத்து நாலாவதைப் பெத்த கை. அவ உண்டானதுல இருந்து உங்க நாடகத்தைத்தான் தெனமும் போட்டுக் காட்டுறேன்."

"அக்கா, அது நாடகம்..." என்று புஷ்பலதா ஆரம்பித்தாள்.

"நாடகம்னு தெரியாதா எனக்கு? நெசத்துலயும் உங்களுக்குப் பையன் இருக்கான்ல. என் மகன் வேலை செய்ற குவாரியிலதான் உங்க வீட்டுக்காரரும் லோரி ஓட்டுறாரு. அவர்கிட்ட கேட்டானாம். 'ஆமா, ஒரே பையன், தைப்பிங்ல படிக்கிறான், நல்லா ஓடுவான்'னாராம்."

புஷ்பலதாவின் கையிலிருந்த பேனா மேசையில் உருண்டது. தைப்பிங் என்று அவள் தீபனிடம் சொன்னதே இல்லை. ஓட்டப் பந்தயத்தைப் பற்றியும் சொன்னதில்லை. எங்கே கேட்டான்? யார் வாயிலிருந்து பொறுக்கிச் சேர்த்தான்? லோரியில் தனியாகப் போகும்போது அவனும் அந்தப் பையனைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டுதான் போகிறானா?

"வாரேன்க்கா," என்று சொல்லிவிட்டாள்.

ஏன் சொன்னாள்? ஆசைதான், வேறென்ன. பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் தீபனின் தங்கை சரளாவுக்கு வளைகாப்பு நடந்தது. வளையல் வாங்கியது புஷ்பலதா. சந்தனம் கரைத்தது புஷ்பலதா. மண்டபத்தில் பெண்கள் வரிசை கட்டியபோது மாமியார் அவள் தோளைத் தொட்டு, "பாயசம் அடிப்பிடிச்சிடப் போவுது, நீ உள்ள பாத்துக்கம்மா," என்றார். கனிவாகச் சொன்னார். கனிவாகச் சொன்னதைத்தான் அவளால் இன்றைக்கும் மன்னிக்க முடியவில்லை. அடுப்பில் பாயசமே இல்லை. அரை மணி நேரத்துக்கு முன்பே இறக்கிவிட்டிருந்தார்கள். இறக்கிய பானைக்கு முன்னால் நின்றுகொண்டு அவள் வளையல் சத்தத்தைக் கேட்டாள்.

பிள்ளையில்லாத புஷ்பலதாவை அடுக்களைக்கு அனுப்புகிற இதே சனம்தான் பிள்ளை பெற்றதாக நடித்த தேவகியைக் காரில் வந்து அழைத்துப் போய் முதல் ஆளாக மணையருகே நிறுத்தியது. குடியிருப்புத் தாமானின் மண்டபம் நிறைந்திருந்தது. பிரமிளா இருபத்து நான்கு வயதுப் பெண், உருண்டை முகம், வெட்கத்தில் சிவந்திருந்தாள். புஷ்பலதா அவள் கன்னத்தில் சந்தனம் பூசினாள். முதலில் வேப்பிலைக் காப்பு, பிறகு பச்சை, சிவப்புக் கண்ணாடி வளையல்கள். சதை பூரித்திருந்த கை. அமுக்கித்தான் ஏற்ற வேண்டியிருந்தது. கூட்டத்தில் யாராவது எழுந்து 'இவளுக்கு ஏது பிள்ளை' என்று கேட்டுவிடுவார்களோ என்று அவள் முதுகு வியர்த்தது. யாரும் கேட்கவில்லை.

பிரமிளா அவள் கையைப் பிடித்துத் தன் வயிற்றில் வைத்துக்கொண்டாள். "உதைக்கிறான்க்கா. உங்களைத் தெரிஞ்சிருக்கு அவனுக்கு."

உள்ளங்கைக்கு அடியில் ஏதோ புரண்டது. புஷ்பலதா அழுதுவிட்டாள். நூறு கைப்பேசிகள் அதைப் படம் பிடித்தன. அன்று ராத்திரிக்குள் அது ஊரெல்லாம் சுற்றியது, பின்னணியில் நாடகத்துப் பாட்டோடு.

ஏப்ரலில் வீரம்மா தொலைபேசியில் கூப்பிட்டாள். பிரமிளாவுக்கு எட்டாம் மாசம். அசைவு நின்றுபோய், ஆஸ்பத்திரிக்கு ஓடி, இறந்தே பிறந்திருக்கிறது. ஆண். காரணம் தெரியவில்லை, சில நேரம் இப்படி நடக்கும் என்று டாக்டர் சொன்னாராம். வீரம்மாவின் குரல் தேய்ந்திருந்தது. தானே தைத்து வைத்திருந்த சின்னச் சின்னத் துணிகளை என்ன செய்வதென்று தெரியவில்லை என்றாள். பிறகு குரல் மாறியது.

"பெத்தவ கை, ராசியான கை, நீங்க போட்டீங்க. அப்படியும் தங்கலையே தங்கச்சி! அப்ப கொறை எங்கே இருக்கு? அவகிட்டதானே? ஒரு மாசமாச்சு, வளையலைக் கழட்ட மாட்டேங்கிறா. கிட்டப் போனாக் கத்துறா. சும்மா சும்மா உங்க நாடகத்தைப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கா. இவளைத் தஞ்சோங் ரம்புத்தான் பைத்தியக்கார ஆஸ்பத்திரிக்குத்தான் கொண்டுபோகணும் போல. இல்ல அவ அம்மா வீட்டுக்கே அனுப்பிடலாமான்னு மகன்கிட்ட சொல்லிக்கிட்டிருக்கேன். ஒருவாட்டி வந்து சொல்லிப் பாருங்க. உங்க பேச்சுக் கேப்பா."

புஷ்பலதா இரண்டு நாள் தூங்கவில்லை. விஷயம் அவளுக்குத் தெளிவாகவே புரிந்தது. அவள் ராசிக்காரத் தாயாக இருக்கும் வரைக்கும் குற்றவாளி பிரமிளாதான். அந்தப் பெண்ணின் தலையிலிருந்து அதை இறக்க வேண்டுமென்றால் வேறொரு தலை வேண்டும். உண்மையைச் சொன்னால் அந்தத் தலை தயாராக இருக்கிறது. கூடவே முகிலனும் போய்விடுவான். ஒரு வீட்டில் சொன்னால் போதும். சாயங்காலத்துக்குள் சந்தைக்கும் கோயிலுக்கும் போய்ச் சேர்ந்துவிடும். இல்லாத பையன்தான். ஆனால் அவன் இல்லாத வீட்டை அவளால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை சந்தைக்குப் போய் மீன் வாங்கிக்கொண்டு வந்து சமையலறையில் வைத்தாள். தீபன் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தான். வெளியே போய்விட்டு மத்தியானத்துக்குள் வந்துவிடுகிறேன் என்றாள்.

வீரம்மாவின் வீடு சிம்பாங் பூலாயில் ஒரு தாமானின் கடைசி வரிசை. பின்னால் வெட்டுண்ட வெள்ளை மலை தெரிந்தது. கதவருகே போகும்போதே உள்ளேயிருந்து வளையல் சத்தம் கேட்டது. குலுங்கி, நின்று, மறுபடி குலுங்கியது. வயிற்றுப் பிள்ளைக்குக் கேட்கட்டும் என்று போடுகிற சத்தம். இப்போது யாருக்குக் கேட்பதற்காக என்று நினைத்துக்கொண்டே வாசலில் செருப்பைக் கழற்றினாள்.

பிரமிளா தரையில் சுவரோரமாக உட்கார்ந்திருந்தாள். கையில் கைப்பேசி. அதில் எண்பத்தேழாம் பகுதி. கொக்கிகள் கிறீச்சிட்டன, ஒலிப்பதிவு அறையில் சேர்த்த குழந்தை அழுகை கேட்டது, தேவகி 'என் ராசா' என்றாள். முடிந்ததும் பிரமிளா விரலால் திரையைப் பின்னுக்கு இழுத்தாள். மறுபடி கொக்கி, மறுபடி அழுகை. ஒவ்வொரு இழுப்புக்கும் வளையல் குலுங்கியது.

"சொல்லுங்க தங்கச்சி," என்றாள் வீரம்மா, நாற்காலியில் சாய்ந்தபடி. அவள் கண்ணும் வீங்கித்தான் இருந்தது.

புஷ்பலதா தரையில் உட்கார்ந்தாள். பிரமிளா நிமிர்ந்து பார்த்தாள்.

"அக்கா, உங்களுக்கு மூணு போனப்புறம் இவன் மட்டும் எப்படிக்கா தங்கினான்? நீங்க என்ன பண்ணீங்க? நான் என்ன பண்ணாம விட்டேன்?" அவள் திரையைத் திருப்பிக் காட்டினாள். "எப்படித் தூக்கி வெச்சிருக்கீங்க பாருங்க. எனக்குத் தூக்கவே குடுக்கலைக்கா. துணியில சுத்தி எடுத்துட்டுப் போயிட்டாங்க."

திரையில் தேவகி துணிச்சுருளை முத்தமிட்டுக்கொண்டிருந்தாள். புஷ்பலதாவின் இடது கையில் கனம் வந்து அமர்ந்தது. வழக்கத்தைவிடக் கனம். பையன் கழுத்தைக் கட்டிக்கொண்டு வேண்டாம் என்கிற மாதிரி இருந்தது.

"அது பிள்ளை இல்லம்மா," என்றாள். "அரிசி."

"என்னக்கா?"

"அரிசி. மூணு கிலோ. பொம்மைக்கு எடை பத்தலைன்னு பையில கட்டிக் குடுத்தாங்க. கடைசி நாள் பொங்கிச் சாப்பிட்டுட்டாங்க."

வீரம்மா சிரிக்கப் பார்த்தாள். "அது நாடகத்துல. நெசத்துல உங்க பையன்..."

"எனக்குப் பையன் இல்லைக்கா. யாருமில்லை. ரெண்டு உண்டாச்சு, ரெண்டும் போயிருச்சு. அதுக்கப்புறம் உண்டாகலை. தைப்பிங், ஹாஸ்டல் எல்லாம் நான் சொன்ன பொய்."

வீட்டில் கொஞ்ச நேரம் கைப்பேசி மட்டும் அழுதது. வீரம்மா எழுந்து நின்றாள். அவள் முகத்தில் முதலில் வந்தது கோபம் இல்லை. ஏமாந்துபோன பிள்ளையின் முகம். கோபம் அதற்குப் பின்னால் வந்தது.

"பெக்காத கையா? பெக்காத கையை வெச்சா என் வீட்டுப் பிள்ளைக்கு வளையல் போட்டே? அன்னைக்கே கேட்டேனே! உன் புருசன்கிட்டயும் கேட்டமே! என் பேரனை முழுங்குறதுக்கா வந்தே?"

புஷ்பலதா மறுக்கவில்லை. பள்ளிக்கூடம் போன யாருக்கும் தெரியும், வளையல் போட்ட கையால் வயிற்றுப் பிள்ளை சாகாது. அவளுக்கும் தெரியும். அந்த வார்த்தை நாக்கு நுனியில்தான் இருந்தது. சொன்னால் பழி உருண்டுபோய் மறுபடி சுவரோரம் உட்கார்ந்திருப்பவளிடம் நிற்கும். வாயைப் பொத்திக்கொண்டு வாங்கிக்கொண்டாள்.

பிரமிளா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். கைப்பேசியின் வெளிச்சம் அணைந்தது.

"அப்ப," என்றாள் மெல்ல, "என்கிட்ட தப்பில்லையாக்கா?"

"இல்லம்மா. உங்கிட்ட ஒரு தப்பும் இல்லை."

அந்தப் பெண்ணின் உதடு கோணியது. பிறகு அழுதாள். ஒரு மாசமாக அழாத அழுகை. முட்டி மோதிக்கொண்டு வந்தது. வீரம்மா திட்டுவதை நிறுத்திவிட்டாள். போய் மருமகளின் தலையைத் தன் வயிற்றோடு சேர்த்து அணைத்துக்கொண்டு, "நீ என்னடி பண்ணுவே, நீ என்னடி பண்ணுவே பாவம்," என்று அவளும் சேர்ந்து அழுதாள். அணைத்தபடியே புஷ்பலதாவைப் பார்த்துச் சொன்னாள்: "போட்ட கையாலேயே கழட்டிட்டுப் போ."

பிரமிளா தானாகவே கையை நீட்டினாள். வேப்பிலைக் காப்பு எப்போதோ உதிர்ந்துபோயிருந்தது. கையின் பூரிப்பும் வற்றியிருந்தது. அன்று அமுக்கி ஏற்றிய வளையல்கள் இன்று தொட்டதும் நழுவின. ஒன்றுகூட உடையவில்லை. எல்லாவற்றையும் கழற்றித் தரையில் வைத்துவிட்டுப் புஷ்பலதா எழுந்தாள். போய்வருகிறேன் என்று சொல்லக்கூடாத இடம். வாசலைத் தாண்டிப் பத்தடி போயிருப்பாள், பின்னால் மஞ்சள் தண்ணீர் தெளிக்கும் சத்தம் கேட்டது.

பஸ்ஸில் உட்கார்ந்ததும் இடது கையை மடியில் வைத்துக் காத்திருந்தாள். கனம் வரவில்லை. ஈப்போ நெருங்கியபோது மழை பிடித்தது, அப்போதும் வரவில்லை. கையைத் தூக்கிப் பார்த்தாள். தன் கை இவ்வளவு லேசானது என்பதே அவளுக்கு மறந்துபோயிருந்தது. அன்று மண்டபத்தில் உள்ளங்கைக்கு அடியில் புரண்டது மட்டும் இன்னும் அங்கே இருந்தது. பெக்காத கை. வெறும் உளறல் என்று அவளுக்குத் தெரியும். தெரிந்தும் அந்தக் கையைச் சேலைக்குள் மறைத்துக்கொண்டாள்.

வீட்டில் எண்ணெய் வாசனை. தீபன் சோறு வடித்து, மீனைப் பொரித்து மேசையில் வைத்திருந்தான். மீன்காரப் பெண் கொடுத்த கூடுதல் மீனையும் சேர்த்து மூன்று. ஏழு வருஷமாக மூன்றையும்தான் பொரிக்கிறார்கள். மூன்றாவதை இருவரும் தொடாமல் வைத்து, சாயங்காலம் பூனைக்குப் போடுவார்கள். ஏன் என்று ஒருவரை ஒருவர் கேட்டதில்லை.

"சிம்பாங் பூலாய் போயிருந்தேன்," என்றாள் புஷ்பலதா. "அந்த வீரம்மா வீட்டுக்கு."

அவன் நிமிர்ந்தான்.

"சொல்லிட்டேன்ங்க. பையன் இல்லேன்னு சொல்லிட்டேன். உங்க குவாரியிலயும் நாளைக்குத் தெரிஞ்சிரும்."

தீபன் சோற்றில் கை வைத்தபடி இருந்தான். கோபப்படுவான் என்று நினைத்தாள், அல்லது எழுந்து போவான் என்று. அவன் மூன்றாவது மீனைப் பார்த்துக்கொண்டிருந்தான். லோரி ஓட்டிக் காய்த்துப்போன அந்தப் பெரிய கைகள் தட்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டன.

"அப்ப," என்றான், "அவன் இனிமே வரமாட்டானா?"